பதின்மூன்றைக் கழித்து

அவள் இரண்டு தாள்களையும் குமாஸ்தாவின் மேசைமேல் அருகருகே வைத்தாள்.

ஒன்று இந்தக் கடற்படை அலுவலகம் அனுப்பியது. கொதிகலனுக்குக் கரி அள்ளும் மாலுமி யெர்மொலாய், ஜப்பானில் போர்க்கைதிகள் மருத்துவமனையில், ஜூன் 1 அன்று காலமானார்.

மற்றது யெர்மொலாயின் கடிதம். மேலே தேதி: ஜூன் 8.

"செத்து ஏழு நாள் கழிச்சு எழுதியிருக்கான் எம்புள்ள," என்றாள் உஸ்தின்யா. "நீங்களே பாருங்க ஐயா. பார்த்துட்டு, செத்தவங்க பட்டியல்ல அவன் பேரை அடிச்சிடுங்க."

இரண்டு நாள் வண்டியில் வந்தவள். முகமெல்லாம் புழுதி. சிரித்துக்கொண்டிருந்தாள்.

வரிசையில் அவளுக்குப் பின்னால் நின்ற கிழவர் எட்டிப் பார்த்தார்.

"ஏம்மா, ஜப்பான்காரன் பொணத்துக்கும் பேனா குடுக்கிறானா?"

"குடுக்கிறான். உமக்குத்தான் பொறுக்கல."

வரிசை சிரித்தது. 1905 மே மாதம் ஜப்பானியரோடு நடந்த சண்டையில், போன ரஷ்யக் கப்பற்படை ஏறக்குறைய முழுதும் மூழ்கியது. இப்போது ஆகஸ்ட். பிள்ளைகளைப் பற்றி விசாரிக்க அன்று தொடங்கிய வரிசை இன்னும் ஓயவில்லை. அதில் யாரும் இதுவரை சிரித்ததில்லை.

குமாஸ்தா கடிதத்தைக் கையில் எடுத்தார்.

எழுத்து கோணலாக இருந்தது. தேதி மட்டும் வேறு கை. சிவப்பு மை. அது மருத்துவமனை போட்ட தேதி.

ஜப்பானில் ஒரு நாட்காட்டி. ரஷ்யாவில் ஒரு நாட்காட்டி. ரஷ்யாவுடையது பதின்மூன்று நாள் பின்னால் வரும். அங்கிருந்து வரும் பட்டியலில் ஒவ்வொரு பெயருக்கும் பதின்மூன்றைக் கழித்து, ரஷ்யத் தேதியைக் குறித்து, வீட்டுக்கு எழுதுவது அவர் வேலை. இந்த ஜூன் 1-உம் அவர் கழித்ததுதான்.

அலமாரியிலிருந்து மூலப் பட்டியலை எடுத்தார்.

தப்பாகக் கழித்திருக்கக் கூடாதா. ஒரே ஒரு முறை. வேலையில் சேர்ந்த இத்தனை வருடத்தில் அப்படி வேண்டிக்கொண்டது இதுதான் முதல் தடவை.

யெர்மொலாய். ஜூன் 14.

பதினான்கில் பதின்மூன்று போனால் ஒன்று.

சரியாகத்தான் இருந்தது.

கடிதத்தின் எட்டில்தான் யாரும் எதையும் கழிக்கவில்லை.

"கோயில்ல கூட மாத்தியாச்சு ஐயா," உஸ்தின்யா சொல்லிக்கொண்டிருந்தாள். "செத்தவங்க சீட்டுலேர்ந்து அவன் பேரை எடுத்து, இருக்கிறவங்க சீட்டுல எழுதச் சொன்னேன். ரெண்டு ஞாயித்துக்கிழமை, சுகமா இருக்கணும்னு சாமியார் சத்தமா வாசிச்சாரு. மருமக ஃப்யோக்லா துக்கத்துக்குப் போட்ட கறுப்பைக் கழட்டிட்டா."

அவர் எழுந்து சுவர் நாட்காட்டியில் ஜூன் தாளைத் தேடிப் பிடித்தார்.

"அம்மா, அங்க நாளை வேற மாதிரி எண்ணுறாங்க. நம்மைவிடப் பதிமூணு நாள் முன்னால."

"அப்படின்னா?"

எட்டின் மேல் விரலை வைத்தார். பின்னோக்கி நகர்த்தினார்.

அவளும் கூடவே எண்ணினாள், விளையாட்டுப்போல. ஒண்ணு. ரெண்டு. மூணு.

ஏழு எண்ணும்போது விரல் ஜூன் 1-ஐத் தொட்டது.

அவள் குரல் நின்றது.

விரல் நிற்கவில்லை. தாளைத் திருப்பி மே மாதத்துக்குள் போனது. இருபத்தாறில் நின்றது.

"நம்ம கணக்குல இதுதான் அவன் எழுதின நாள்," என்றார். "அதுக்கப்புறம் ஆறு நாள் இருந்திருக்கான் அம்மா."

கிழவர் தொப்பியைக் கழற்றினார்.

உஸ்தின்யா நாட்காட்டியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ரெண்டு ஞாயிறு வாசிச்சாங்களே," என்றாள். "அது யாருக்குப் போய்ச் சேர்ந்திருக்கும்?"

குமாஸ்தா நாட்காட்டியை மறுபடி ஆகஸ்டுக்குத் திருப்பினார்.

அலுவலகத் தாளை மடித்து மார்புத் துணிக்குள் வைத்தாள். கடிதத்தை எடுக்கவில்லை. அவர் பக்கமாகத் தள்ளினாள்.

"எனக்குப் படிக்க வராது, சாமியார்தான் வாசிச்சுக் காட்டினாரு. கடைசி நாலு வரியைப் படிங்க."

படித்தார்.

'கால் போய்விட்டது. வலி இல்லை. ஃப்யோக்லாவுக்கு இந்நேரம் குழந்தை பிறந்திருக்கும், அல்லது பிறக்கப் போகிறது. என்ன குழந்தை என்று உடனே எழுதுங்கள் அம்மா. இங்கே எல்லோரிடமும் சொல்லி வைத்திருக்கிறேன்.'

"பதில் போடணும்," என்றாள்.

அவர் இழுப்பறையைத் திறந்தார்.

வெள்ளைத் தாள் ஒன்றை எடுத்து மேசையில் விரித்தார். வரிசையில் யாரும் சீக்கிரம் என்று சொல்லவில்லை.

"பொண்ணுன்னு போடுங்க."

போட்டார்.

"மூக்கு அப்படியே அவனுதுன்னு போடுங்க. பாவம், பொண்ணுக்கு அந்த மூக்கான்னு அக்கம்பக்கம் சிரிக்குதுன்னு போடுங்க."

போட்டார்.

"பால் நல்லாக் குடிக்குது. அழுதா ஊருக்கே கேக்குது."

"எப்போ பிறந்தது அம்மா?"

"ஜூன் பத்து. விடிகாலை."

பேனா நின்றது.

ஜூன் பத்து. அவன் போய் ஒன்பது நாள் ஆகியிருந்தது.

விரித்தபடி கிடந்த ஜப்பான் பட்டியலை இன்னொரு முறை பார்த்தார். அவர்கள் நாட்காட்டியில் ஜூன் பத்து வந்தபோது யெர்மொலாய் இருந்தான். கட்டிலில் படுத்திருப்பான். எல்லோரிடமும் சொல்லி வைத்திருப்பான்.

தாளின் தலைப்பில், இன்றைய தேதி எழுத வேண்டிய இடத்தில், ஜூன் 10 என்று எழுதினார்.

எந்த நாட்காட்டி என்று எழுதவில்லை.

"இன்னிக்குத் தேதி போட்டாச்சா ஐயா?"

"போட்டாச்சு," என்றார். "மை காயட்டும். உக்காருங்க அம்மா."