துரை காத்திருக்கிறார்

"எழுதிக்கோங்க. 'லாக்டேஷன்' என்றால் தாய்ப்பால் சுரப்பு. லத்தீனில் பாலைக் குறிக்கும் 'லாக்' என்பதிலிருந்து பிறந்த சொல். சொல்லிலேயே தாய்மை மணக்கிறது..."

தாய்ப்பால் வாரக் கூட்டத்தில் பேசப்போகும் உரையை, மேனேஜர் கண்ணை மூடிக்கொண்டு உருகி உருகிச் சொல்லிக்கொண்டிருந்தார். டைப்பிஸ்ட்டின் விரல்கள் நின்றன.

"சார், என்னைப் பார்க்க கீழே ஒருத்தன் வந்திருக்கான். கொஞ்சம் போயிட்டு வந்துடறேன்."

"ஆபீஸ் நேரத்துல எவன் அவன், வேலைவெட்டி இல்லாதவன்?"

"பசியோட வந்திருக்கான் சார்."

"கேன்டீன்ல போய்க் கொட்டிக்கச் சொல்லுங்க."

"கேன்டீன் சாப்பாடு அவனுக்கு ஒத்துக்காது சார்."

"ஓஹோ, அவ்வளவு பெரிய துரையா? காத்திருக்கட்டும், குடியா முழுகிடும்? எங்க விட்டேன்... ஆங், 'பசித்த பிள்ளையைக் காக்க வைப்பது கொடுமை.' இதுக்கு அடிக்கோடு போடுங்க."

அவள் பல்லைக் கடித்துக்கொண்டு அடிக்கோடு போட்டாள். அப்போது கீழே வரவேற்பறையிலிருந்து வீறிட்டு ஓர் அழுகை மாடிப்படியேறி வந்தது.

"என்ன சத்தம் அது?" என்றார் மேனேஜர் எரிச்சலாக.

அவள் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தாள்.

"துரைதான் சார் கத்தறார். பல்லு முளைச்சதும் கேன்டீனுக்கே அனுப்பி வைக்கிறேன்."