சந்தேகச் சீட்டு

“எந்தக் கழுதை பண்ணின வேலை இது?”

கோல்மன் ரஷ் போட்ட சத்தத்தில் வாக்கு எண்ணுகிறவர்கள் தலை நிமிர்ந்து பார்த்தார்கள். பிறகு சாண்ட்விச்சைத் தொடர்ந்து மென்றார்கள்.

கவுன்சிலில் கடைசி இடம். எண்ணி, மறுபடி எண்ணி, ஒரே ஒரு சந்தேகச் சீட்டில் வந்து நிற்கிறது. செல்லும் என்றால் இடம் கோல்மனுக்கு. செல்லாது என்றால் எதிரே நிற்கும் மாட்டு வைத்தியருக்கு.

சீட்டில் கோல்மன் பெயருக்கு நேராக, முதல் விருப்பம் என்று அழகாக ‘1’ போட்டிருந்தது. ஓட்டுப் போட்ட புண்ணியவான் அதோடு நிறுத்தியிருக்கலாம். கீழே ஏதோ கிறுக்கியும் வைத்திருந்தான். போட்டது யார் என்று காட்டிக்கொடுக்கும் எழுத்து இருந்தால் சீட்டு செல்லாது. அது சட்டம்.

கோல்மன் லேசுப்பட்ட ஆள் இல்லை. முப்பது வருடக் கவுன்சிலர். நடுவில் கொஞ்ச காலம் டப்ளினில் செனட்டர். செனட்டில் அவர் வாய் திறந்தது இரண்டே தடவை. அதில் ஒன்று ஜன்னலைச் சாத்தச் சொல்லி.

ஆனால் ஊரில் ஒரு சாவு விட்டதில்லை. செத்தவர் யாரென்றே தெரியாவிட்டாலும் வரிசையில் நின்று கை குலுக்கி, முகத்தைத் தொங்கப்போட்டு, டீயும் குடித்துவிட்டுத்தான் வருவார். துக்க அட்டை, பாஸ்போர்ட் விண்ணப்பம், கால் உடைந்தவனின் மாவுக்கட்டு, எதை நீட்டினாலும் கையெழுத்து.

செனட் பதவி போனதிலிருந்து ‘முன்னாள்’ என்ற சொல் அவருக்கு வேப்பங்காய். இந்த இடமும் போனால் அந்தச் சொல் மட்டும்தான் மிச்சம்.

தேர்தல் அதிகாரி சீட்டைத் தூக்கிக் காட்டினார். ஏனோ தொண்டையைக் கனைத்துக்கொண்டே இருந்தார்.

கோல்மனுக்கு அது வெறும் வெள்ளையாகத்தான் தெரிந்தது. பத்திரிகைப் படத்துக்காகக் கண்ணாடியைக் கழற்றி மனைவி நோரீனிடம் கொடுத்திருந்தார்.

“இது வெறும் கிறுக்கல்தான்! இது யாரோடதுன்னு இந்த ஊர்ல ஒருத்தர் சொல்லிட்டா, நானே கிளம்பி வீட்டுக்குப் போறேன்!”

பலர் டீக் கோப்பைக்குள் எதையோ தேடினார்கள். மாட்டு வைத்தியர்கூடக் கூரையைப் பார்த்தார்.

கடைசியில் வைத்தியரின் ஏஜெண்ட் இமெல்டாதான் வாயைத் திறந்தாள். “செனட்டர், எங்கம்மா செத்தப்போ நீங்க அனுப்பின அட்டையில இதே கிறுக்கல்தான் இருக்கு. இன்னும் எங்க ஃபிரிஜ்ல ஒட்டியிருக்கு.”

“எங்க வீட்லயும்” என்றார் வாக்கு எண்ணுகிற ஒருவர்.

“என் மாவுக்கட்டுலயும்” என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

நோரீன் பெருமூச்சு விட்டாள். கைப்பையிலிருந்து கண்ணாடியை எடுத்து அவர் மூக்கில் மாட்டினாள்.

“பழக்கதோஷம். வாய்யா, வீட்டுக்குப் போலாம்.”

கோல்மன் பார்த்தார். பெயருக்கு நேராக ‘1’. கீழே, பன்றிவால் மாதிரிச் சுழித்த கையெழுத்து. அதற்கும் கீழே, ‘செனட்டர்’.

ரகசியமாக ஓட்டுப் போடும் இடத்தில்கூட ‘முன்னாள்’ என்று போட அவருக்கு மனம் வந்திருக்கவில்லை.