சுற்றிப் போட ஆளில்லை

கதை, வசனம், இயக்கம் எல்லாம் இளம்பரிதிதான். முதல் வாரமே ஹீரோவை விரட்டிவிட்டுத் தானே மேக்கப் போட்டுக்கொண்டான். பாட்டெழுத வந்தவரைக் காப்பி கொடுத்துத் திருப்பி அனுப்பினான். கேமராமேனான என்னை, "ஃபிரேம் வைக்கத் தெரியலைன்னா தள்ளி நில்லுங்க" என்று மொத்த யூனிட்டுக்கும் முன்னால் தோளால் இடித்து நகர்த்தினான். அன்றிலிருந்து அவனுக்கு லைட் பிடிக்கிறேன்.

படப்பிடிப்பின் கடைசி நாளில் திருஷ்டி கழியப் பூசணிக்காய் சுற்றி உடைப்பது எங்கள் வழக்கம். செட் ஆள் தவசிதான் எப்போதும் சுற்றுவான். கேமராவைத் தானே ஓடவிட்டு, அதன் முன்னால் போய்க் கடைசி ஷாட்டையும் நடித்து முடித்த இளம்பரிதி, நின்ற இடத்திலிருந்தே கத்தினான். "சுத்துடா தவசி, நேரமாகுது."

தவசி பூசணிக்காய் மேல் கற்பூரத்தை ஏற்றினான். எரிகிற காயைக் கொண்டுபோய் இளம்பரிதியின் கையிலேயே வைத்தான்.

"எனக்கு ஒழுங்காச் சுத்தத் தெரியலைன்னு போன படத்துலயே திட்டினீங்களே சார். இதையும் நீங்களே பண்ணிருங்க."

இளம்பரிதி என்னைப் பார்த்தான். நான் லைட்டைப் பார்த்தேன். ஒருத்தரும் முன்னால் வரவில்லை.

அப்போதும் திமிர் இறங்கவில்லை அவனுக்கு. காயை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு, நின்ற இடத்திலேயே சுற்ற ஆரம்பித்தான். காயும் அவனோடு சேர்ந்தே சுற்றியது. கற்பூரம் சரிந்து விரலைச் சுட்டது. அவன் நிற்கவில்லை.

கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. நாங்கள் கையைக் கட்டிக்கொண்டு நின்றோம். கட் சொல்ல வேண்டியதும் அவன்தானே.