இடுப்பில் தூங்கிய கரி

கண்ணாடிக்குப் பின்னால் நின்ற பொம்மைப் பெண்ணின் இடுப்பில், பழைய சேலைத் துணியில் சுற்றிய கைக்குழந்தை ஒன்று இருந்தது.

"குழந்தை இல்லைங்க, நிலக்கரி!" என்றாள் சுற்றிக்காட்டும் பெண்.

கூட்டம் சிரித்தது. பழைய ரயில்வே கேட்மேனின் மனைவி மட்டும் சிரிக்கவில்லை. கணவருக்குப் பின்னால் இன்னும் ஓர் அடி தள்ளி நின்றுகொண்டாள்.

சுரங்கத்தில் கரி தீர்ந்தது, ரயில் நின்றது, தண்டவாளத்தையும் பெயர்த்துக்கொண்டு போனார்கள். மிஞ்சிய கேட் அறைக்கு வெள்ளையடித்துக் காட்சிக்கூடம் ஆக்கியிருந்தார்கள். திறக்கிறார்கள் என்று கேள்விப்பட்டதும் அவர் காக்கிச் சட்டையைத் தானே தேய்த்துப் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார். தான் வேலை பார்த்த அறைக்குத் தனக்கு எதற்கு அழைப்பு என்றார்.

சுற்றிக்காட்டும் பெண் கதையைத் தொடர்ந்தாள். வளைவில் கைகாட்டி சிக்னல் இறங்குவதற்காகக் கரி ரயில் நிற்குமாம். பெண்கள் ஏறிக் கரியை இழுத்துப் போடுவார்களாம். துணியில் சுற்றி, பிள்ளைபோல இடுப்பில் வைத்துக்கொண்டு இந்தக் கேட் வழியாகவே நடந்து போவார்களாம். திருட்டைப் பிடிக்க வேண்டிய கேட்மேனோ ஒவ்வொருத்தியிடமும், கரித்தூசி பறக்கிறது, பிள்ளை முகத்தை மூடும்மா என்று அக்கறையாகச் சொல்லி அனுப்புவாராம்.

"எப்பேர்ப்பட்ட ஏமாளி பாருங்க!"

இந்த முறை சிரிப்பு அடங்க நேரமாயிற்று. அவரும் சேர்ந்து சிரித்தார்.

மனைவிக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது. குழாயடியில் அவள் சொன்ன கதை எப்படியோ இங்குவரை வந்துவிட்டது.

அவளும் போனவள்தான். முக்காட்டை மூக்குவரை இழுத்துவிட்டு, மற்ற பெண்களுக்கு நடுவில் புகுந்து. நிமிர்ந்துகூடப் பார்க்காமல் அவளிடமும் அவர் அதையேதான் சொன்னார். கட்டின பெண்டாட்டியையே தெரியவில்லை பார் என்று குழாயடியில் விழுந்து விழுந்து சிரித்தார்கள். முதலில் சிரித்தவள் அவள்.

அந்தக் கரியில் வெந்த சோற்றைத்தான் அவருக்குப் போட்டாள். அடுப்புக்குக் கரி ஏது என்று அவர் ஒருநாளும் கேட்டதில்லை. சூதுவாது தெரியாத மனுஷன் என்று நினைத்துக்கொண்டாள்.

அன்று அவள் சிரித்த சிரிப்பை இன்று இத்தனை பேர் நடுவில் அவர் வாங்கிக்கொண்டு நிற்கிறார். அந்த ஏமாளி இவர்தான் என்று யாராவது சொல்லிவிட்டால்? நீயும் அதில் ஒருத்தியா என்று அவர் கேட்டுவிட்டால்?

கூட்டம் கைகாட்டியைப் பார்க்க வெளியே போயிற்று. அவர் நகரவில்லை. கண்ணாடிக்குக் கிட்டே போய், பொம்மையின் கையை உற்றுப் பார்த்தார்.

"கழுத்துக்குக் கை குடுத்துப் புடிச்சிருக்கா பாரு" என்றார், மெதுவாக. "எல்லாரும் அப்படித்தான் புடிப்பாங்க. நீ ஒருத்திதான் ஒருநாளும் கழுத்தைத் தாங்கினதே இல்ல."

குரலில் கேலி இல்லை. அவர் அவளைத் திரும்பிப் பார்க்கவும் இல்லை.

பிள்ளையே பிறக்காத வீட்டில் அவளுக்கு அது எப்படித் தெரிந்திருக்கும்?