அணைத்தால் கண்ணாடி

“போர்வைய எடு, ஹிண்டா. அது கண்ணாடி இல்ல, டிவி.”

“அணைச்சு வெச்சா மூஞ்சி தெரியுதே அண்ணி. மூஞ்சி தெரிஞ்சா கண்ணாடிதான். துக்க வீட்ல மூடித்தான் வெக்கணும்.”

“அப்ப போட்டு விடு. போட்டா மூஞ்சி தெரியாது.”

ஹிண்டாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அண்ணன் ஹெர்ஷலைப் புதைத்து மூன்று நாள்தான் ஆகிறது. அமெரிக்காவில் குவீன்ஸ் பகுதியில் அந்த மூன்றாம் மாடி வீட்டில், யூத வழக்கப்படி ‘ஷிவா’ என்னும் ஏழு நாள் துக்கம். எல்லாக் கண்ணாடிக்கும் விரிப்பு மாட்டியாயிற்று. இந்த அண்ணி ப்ளூமாவுக்கு எட்டு மணிக்குக் காமெடி சீரியல் பார்க்க வேண்டுமாம்.

சும்மா சீரியல் இல்லை. பதினோரு வருஷமாக ஹெர்ஷல் எழுதியது. ஒரு யூதக் குடும்பத்துச் சண்டையைக் காட்டி அமெரிக்கா முழுக்கச் சிரிக்க வைத்தது. அவன் கடைசியாக எழுதிய பாகம் இன்றைக்குத்தான் வருகிறது. இன்னும் ஒருத்தரும் பார்க்கவில்லை. இன்றைக்கு விட்டால் மறுபடி எப்போது போடுவார்களோ.

ஹிண்டாவின் கோபமே வேறு. இத்தனை வருஷத்தில் அண்ணன் எழுதிய ஒரு ஜோக்குக்குக்கூட ப்ளூமா சிரித்து அவள் பார்த்ததில்லை. ஊரே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும். இவள் மட்டும் உம்மென்று உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருப்பாள்.

அப்பேர்ப்பட்ட மேதைக்கு இப்படி ஒரு மரக்கட்டை.

வழக்கு, துக்கத்துக்கு வந்திருந்த யூத குரு ரப்பியிடம் போனது. அவர் வாயில் அவித்த முட்டை. விழுங்கும்வரை இரண்டு பேரும் காத்திருந்தார்கள்.

“கண்ணாடி விஷயத்துல ப்ளூமா சொல்றது சரிதான். ஆனா துக்கத்துல கேளிக்கை கூடாதே.”

“அந்த சீரியலப் பார்த்து நான் ஒரு நாளும் சிரிச்சதில்ல, ரப்பி. வேணும்னா இவளையே கேளுங்க.”

ஹிண்டா உண்மையைச் சொல்லித் தொலைத்தாள்.

“அப்ப அது கேளிக்கையே இல்ல. போடுங்க.”

துக்கம் விசாரிக்க வந்தவர்கள் பேகல் ரொட்டியும் கையுமாக டிவி முன்னால் கூடிவிட்டார்கள். ஹிண்டா தன் குட்டை ஸ்டூலை இழுத்து ப்ளூமாவை ஒட்டிப் போட்டுக்கொண்டாள். இன்றைக்காவது சிரிக்கிறாளா, பார்த்துவிடலாம்.

டாக்டர் உப்பைக் குறைக்கச் சொல்லிவிட்டதாகத் திரையில் புருஷன் புலம்பினான்.

ப்ளூமாவின் உதடு அசைந்தது. “அதான் சமைக்கும்போது அழறத நிறுத்திட்டேன்.”

அதற்கப்புறம்தான் திரையில் பெண்டாட்டி அதையே சொன்னாள். எழுத்துப் பிசகாமல். வீடே அதிர்ந்தது. ரப்பிக்குப் புரையேறிற்று.

ப்ளூமா சிரிக்கவில்லை. பல்லைக் கடித்தாள்.

“பாவி, அவசரப்பட்டுட்டா. ஒரு மூச்சு விட்டுட்டுச் சொல்லணும்னு எழுதியிருந்தேனே.”

அது ஹிண்டாவின் காதில் மட்டும் விழுந்தது.

கடைசியில் ‘எழுத்து: ஹெர்ஷல் ஃப்ரைட்கின்’ என்று வந்தது. சிரித்துக்கொண்டிருந்தவர்கள் அத்தனை பேரும் அழுதார்கள்.

ரப்பி கண்ணைத் துடைத்துக்கொண்டு ஹிண்டாவைப் பார்த்தார். “உங்க அண்ணனுக்கு இதெல்லாம் எங்கேர்ந்தும்மா வந்துச்சு?”

ப்ளூமா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஹிண்டா வாயைத் திறந்தாள்.

அவள் இடத்தில் நீங்கள் இருந்தால் என்ன சொல்லியிருப்பீர்கள்? கூசாமல் கீழே எழுதுங்கள்.