ஆறிய அடுப்பு

ஆம்பூர், 1946. ரேஷன் கடைக்காரர் கடை இருக்கும் வார்டிலேயே குடியிருக்க வேண்டும். இல்லையென்றால் லைசென்ஸ் ரத்து. சோதிக்க வந்த இன்ஸ்பெக்டர் எங்கள் அடுப்பில் குனிந்து சாம்பலுக்குள் விரலை விடுகிறார். ஜன்னல் வெயிலில் சாம்பல் தூசி மெல்ல எழும்புகிறது. "இன்னா பாய், காத்தக் குடிச்சா இருக்கீங்க? அடுப்பு ஜில்லுனு கெடக்குது. குடும்பம் வேற ஊர்லதானே?" மௌத்தான வீட்டில், சாவு விழுந்த வீட்டில், மூன்று நாள் அடுப்பு மூட்டுவதில்லை. பக்கத்து வீட்டு ஜஹீருன்னிசா கொடுத்த கஞ்சி மூலையில் ஆடை கட்டியிருக்கிறது. எங்கள் ஏழு வயது ரஃபத் இறந்துவிட்டாள் என்று சொன்னால் போதும், கடை பிழைக்கும். என் கணவர் கதவுத் திரையைப் பார்க்கிறார். அதன் பின்னால், அந்நிய ஆண் கண்ணில் படாமல், நான் நிற்கிறேன். அந்தச் சொல்லை எங்களில் யாரும் இன்னும் ஒருமுறைகூட வாய்விட்டுச் சொல்லவில்லை. இன்ஸ்பெக்டர் பேனாவைத் திறந்து எழுதத் தொடங்குகிறார்.