விசில் வரட்டும்

சின்ன வயசிலிருந்தே சினிமாவில் நடித்துவந்த மின்னி என்ற டால்பினை, வயதானதும் படக் கம்பெனிக்காரர்கள் கடலில் கொண்டுபோய் விட்டார்கள்.

அங்கே அவளுக்கு முதலில் பழக்கமானவன் சுழியன் என்ற இளம் டால்பின். மத்தி மீன் கூட்டம் எங்கே இருக்கிறது என்று காட்டினான். மின்னி ஒன்றைக் கவ்வினாள், ஆனால் விழுங்கவில்லை.

"ஏங்க்கா, மீன் பிடிக்கலையா?"

பதில் சொல்ல வாயைத் திறந்ததும் மீன் ஓடிவிட்டது.

"நான் குதிப்பேன் தம்பி. நல்லா குதிச்சா என்னைப் பழக்கின மாஸ்டர் விசில் அடிப்பாரு. அதுக்கப்புறம்தான் மீன்."

"இங்க ஏதுக்கா மாஸ்டர்?"

மின்னி விசிலுக்காகக் காத்திருந்தே பட்டினி கிடந்தாள். உடம்பு வற்றிப்போனது. சுழியனுக்கு மனசு கேட்கவில்லை. அவள் மறுபடி ஒரு மீனைக் கவ்வியதும் தானே விசில் அடித்தான். டால்பினுக்கு அது வராதா என்ன? மின்னி லபக்கென்று விழுங்கினாள். சுழியனுக்கு ஒரே பெருமை.

மறுநாள் காலை மீனைக் கவ்விக்கொண்டு அவன் முகத்தையே பார்த்தாள். விசில் வரவில்லை.

"முதல்ல ஒரு குதி குதி, பார்ப்போம்" என்றான் சுழியன். அக்கா என்ற பேச்சே இல்லை.

மின்னிக்கு அப்பாடா என்று இருந்தது. சந்தோஷமாகக் குதித்தாள்.